செத்தவளுக்குப் போட்ட இலை

மலாக்காவில், காஜா பேராங்கில் பஸ்ஸை விட்டு இறங்கியதும் மீனாச்சியை முதலில் அடையாளம் கண்டுகொண்டவள், சாலையோரம் அப்பம் சுடும் ருக்மணி. கரண்டியும் கையுமாக எழுந்து நின்று வாயைப் பிளந்தாள்.

"ஐயையோ! நீங்க செத்துப்போனவங்கல்ல?"

"எந்தப் படத்துல?" என்று கேட்டாள் மீனாச்சி.

"போன மாசம் வந்த படம்க்கா. மகன் கப்பல்ல வந்து சேர்றதுக்குள்ள இருமி இருமியே செத்தீங்களே! நான் அழுத அழுகையில பக்கத்துல இருந்த சீனத்தி எழுந்து வேற பெஞ்சுக்குப் போயிட்டா."

"அது காசநோய். அதுக்கு முந்தின படத்துல பாம்பு கடிச்சது."

"பாம்புப் படத்துலயும் நீங்கதானா? அலாமாக்!" ருக்மணி அடுப்பை மறந்துவிட்டாள். "எத்தனை வருஷமா இந்த முகத்தைப் பார்க்குறேன். பேரு என்னக்கா உங்களுக்கு?"

"மீனாச்சி."

"இன்னைக்குத்தான் தெரியுது."

மீனாச்சிக்கு இது பழகிப்போன கதை. ஈப்போவிலிருந்து ஜொகூர் வரைக்கும் அவள் முகம் தெரியாத சந்தை கிடையாது. அவள் பெயர் தெரிந்த சந்தையும் கிடையாது. படம் தொடங்கும்போது திரையில் எழுத்து ஓடும். நாயகன், நாயகி, வில்லன், பாடினவர், சண்டை போட்டவர், நாயகனின் குதிரையைக் கொடுத்து உதவியவர் எல்லோரும் வந்து போன பிறகு 'மற்றும் பலர்' என்று ஒரு வரி வரும். அதுதான் மீனாச்சியின் விலாசம்.

"நீங்க மலாய் பேசுற மலாக்கா செட்டி ஆளுங்கல்ல? தமிழ் இவ்ளோ நல்லா வருதே?"

"சிங்கப்பூர் ஸ்டூடியோவுல டைரக்டருங்க முக்காவாசிப் பேரு மெட்ராஸ்காரங்க. என்னத்தச் சொல்லித் திட்டுறாங்கன்னு தெரிஞ்சுக்க வேணாமா? அதான் கத்துக்கிட்டேன்."

ருக்மணி சிரித்த சிரிப்பில் ஒரு அப்பம் கருகியது. பேச்சோடு பேச்சாக, தன் வீட்டுப் பின்னறை காலியாகத்தான் இருக்கிறது என்றும் சொன்னாள். மீனாச்சி பெட்டியை அங்கே வைத்துவிட்டு, முகம் கழுவி, கெபாயாச் சட்டை மாற்றிக்கொண்டு, தெருவுக்குள் நடந்தாள். இருபத்தெட்டு வருஷத்துக்கு முன்னால் வெளியேறிய அதே தெரு. வெளியேறும்போது ஓட்டம், இப்போது நடை. வித்தியாசம் அவ்வளவுதான்.

அவள் வந்தது ஒரே ஒரு காரியத்துக்கு.

செட்டி வீடுகளில் வருஷத்துக்கு இரண்டு முறை முன்னோருக்குப் படையல் உண்டு. அதற்குப் பெயர் பார்ச்சு. ஒன்று பொங்கலுக்கு முந்தின நாள். இன்னொன்று ஆண்டின் நடுவில், டுரியானும் மங்குஸ்தீனும் காய்த்துக் குலுங்குகிற நேரத்தில். செத்துப்போன ஒவ்வொருவருக்கும் ஓர் இலை. அவரவர் விரும்பிச் சாப்பிட்டது அவரவர் இலையில். சாம்பிராணி போட்டதும் எல்லோரும் வெளியே வந்து அறைக்கதவைச் சாத்திவிடுவார்கள். உள்ளே முன்னோர் வந்து உண்பார்கள். கொஞ்ச நேரம் கழித்து வீட்டுப் பெரியவர் மூன்று முறை தட்டி, அவர்களுக்குச் சொல்லிக்கொண்டுதான் கதவைத் திறப்பார். மீனாச்சியின் அம்மா ஜப்பான் யுத்த காலத்தில் செத்துப்போனாள். அவளுக்கு டுரியான் என்றால் உயிர். தேங்காய்ப்பாலும் கறுப்பு வெல்லமும் சேர்த்துக் காய்ச்சிய டுரியானைப் புளூட் என்கிற ஒட்டரிசிச் சோற்றின்மேல் ஊற்றிக் கொடுத்தால் பேச்சே இருக்காது. அதில் ஒரு கரண்டி, அம்மாவின் இலையில், தன் கையால். மீனாச்சி கேட்டு வந்தது அதைத்தான்.

வாசல் நிலையில் மாவிலைத் தோரணம் புதிதாகத் தொங்கியது. அண்ணி கண்ணம்மாதான் கதவைத் திறந்தாள். திறந்தவள் அப்படியே நின்றுவிட்டாள். உள்ளே பிரம்பு நாற்காலியில் அண்ணன் அண்ணாமலை பேப்பர் படித்துக்கொண்டிருந்தார். சுங்க இலாகாவில் கணக்கெழுதும் கிராணி. தெருவில் நாலு பேர் யோசனை கேட்டு வருகிற மனுஷர். அந்த வீட்டுப் பேச்சு மலாய்தான். அண்ணே, அண்ணி, அத்தே என்று உறவு கூப்பிடுவது மட்டும் தமிழ்.

"கண்ணம்மா, வாசல்ல யாரோட பேசுற?"

"அண்ணே, நான்தான். மீனா."

பேப்பர் கீழே இறங்கவில்லை. "வாசல்ல ஆளே இல்லையே. காத்து அடிக்குது, கதவைச் சாத்து."

"பழப் பார்ச்சுக்கு வந்திருக்கேன் அண்ணே. அம்மா இலையில ஒரே ஒரு கரண்டி வைக்கணும். வச்சிட்டு நான் பாட்டுக்குப் போயிடுறேன்."

அண்ணாமலை சுவரைப் பார்த்துப் பேசினார். ஆபீசில் பியூனிடம்கூட அவர் அப்படிப் பேசியிருக்க மாட்டார். "இந்த வீட்டுல ஒரு பொண்ணு இருந்தா. கூத்தாடிங்களோட ஓடினா. அன்னைக்கே செத்தா. வருஷா வருஷம் அவளுக்கும் சேர்த்து இலை போடுறோம். செத்தவ வந்து செத்தவங்களுக்குப் பரிமாற முடியாது. அது முறையில்ல."

கண்ணம்மா கதவைச் சாத்தினாள். சாத்தும்போது அவள் கண்கள் நாத்தனாரின் முகத்தைவிட்டு நகரவே இல்லை.

தனக்கு ஓர் இலை விழுகிறது என்பது மீனாச்சிக்கு அந்த நிமிஷம்தான் தெரிந்தது.

*

அவள் காதலனோடு ஓடினாள் என்றுதான் ஊரில் பேச்சு. ஒரு பெண் வீட்டை விட்டுப் போனால் முன்னால் ஒரு ஆண் நடந்துபோயிருக்க வேண்டும் என்பது எல்லா ஊருக்கும் பொதுவான முட்டாள்தனம். அவள் யார் பின்னாலும் போகவில்லை. ஆற்றோரம் கொட்டகை போட்டிருந்த பங்சாவான் கம்பெனியின் திரைச்சீலை ஒன்று பெட்ரோமாக்ஸ் வெளிச்சத்தில் அசைந்தது. அதன் பின்னால் என்ன இருக்கிறது என்று பார்க்கப் போனாள். பார்த்து முடிக்க இவ்வளவு வருஷம் ஆகும் என்று அவளுக்கு மட்டும் என்ன தெரியும்?

பங்சாவான் என்றால் ஊர் ஊராகப் போய்ப் போடும் மலாய் நாடகம். ராஜா, ராணி, ஜின் பூதம், கோமாளி, நடுவே பாட்டும் ஆட்டமும். அவள் தோளும் தாடையும் அகலம், நிறம் கறுப்பு. கறுப்புத் தோலுக்கு ராணி வேஷம் கிடையாது, ராணிக்கு மாமியார் வேஷம் உண்டு என்று முதலாளி முதல் வாரமே சொல்லிவிட்டார். இருபது வயது தாண்டுவதற்குள் தலையில் மாவு பூசிக்கொண்டு, தன்னைவிட மூத்த நாயகிகளுக்குத் தாயாக நின்றாள். செவிலி, சூனியக்காரி, மருத்துவச்சி, முதல் காட்சியில் சாகும் அரசி, மூன்றாம் காட்சியில் வரும் அவளுடைய ஆவி. நாயகிகள் வந்தார்கள், கல்யாணமாகிப் போனார்கள், தொண்டை கெட்டுப் போனார்கள். மீனாச்சி இருந்தாள். ராணிகளுக்குக் கம்பெனியில் ஆயுசு குறைவு. கிழவிகளுக்கு வயசே ஆவதில்லை.

அந்தக் கம்பெனிகளில் எழுதிவைத்த வசனம் என்று ஒன்று கிடையாது. மத்தியானம் தேநீர் நேரத்தில் மேனேஜர் எல்லோரையும் உட்கார வைத்துக் கதையைச் சொல்வார். ராஜா சாகிறான், ராணியைக் காட்டுக்குத் துரத்துகிறார்கள், ஜின் தூக்கிப்போகிறது, இளவரசன் மீட்கிறான். அவ்வளவுதான். மேடையேறிய பிறகு வாயில் வருவது அவரவர் சாமர்த்தியம். கதையோடு சண்டை போடுகிறவன் தோற்றுப்போவான். கதைக்குள்ளே புகுந்து உட்கார்ந்துகொள்கிறவன்தான் ஜெயிப்பான். மீனாச்சி இதைச் சுமத்ராவில், பாலெம்பாங்கில் கற்றுக்கொண்டாள். அன்று இளவரசன் கள் மயக்கத்தில் மேடைக்கே வரவில்லை. ஜின் நாயகியைத் தூக்கிக்கொண்டு மேடையைச் சுற்றிச் சுற்றி வந்து மூச்சு வாங்கியது. செவிலி வேஷத்தில் ஓரமாக நின்ற மீனாச்சி, "உனக்குப் பால் கொடுத்து வளர்த்தவளும் நான்தான்டா, ஜின்னே! தாய் சொல்லைக் கேட்காத பிள்ளைக்கு என்ன கிடைக்கும்?" என்று அகப்பையால் அதன் மண்டையில் போட்டாள். கொட்டகை எழுந்து நின்று ஆரவாரம் செய்தது. மறுநாளும் அப்படியே செய்யச் சொன்னார் மேனேஜர். இளவரசன் ஒரு வாரம் அவளோடு பேசவில்லை.

யுத்தத்தில் கம்பெனி சிதறியது; மிஞ்சியவர்கள் கிடைத்த ஊரில் நாடகம் போட்டார்கள். மேடான் துறைமுகத்தில் மலாக்காப் படகுக்காரன் ஒருவன் சொல்லித்தான் அம்மா செத்துப்போன செய்தி அவளுக்குத் தெரியும். செத்து அதற்குள் ஒரு வருஷமாகியிருந்தது. அன்று சாயங்காலம் அவளுக்குக் கோமாளியின் பெண்டாட்டி வேஷம். ஜனங்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். அழுகிற வேஷமாக இருந்திருந்தால் அழுது தீர்த்திருப்பாள். அந்தச் சலுகைகூட அவளுக்குக் கிடைக்கவில்லை.

பிறகு சிங்கப்பூர். மலாய் சினிமாவுக்குச் சாகிற தாய்மார்கள் தேவைப்பட்டார்கள். மகன் கெட்டுப்போகத் தாய் சாக வேண்டும், திருந்தவும் தாய் சாக வேண்டும். பாம்பு கடித்து, வெள்ளத்தில் போய், பண்ணையார் உதைத்து, ஏக்கத்தில் என்று மீனாச்சி செத்துக்கொண்டே இருந்தாள். ஒரு சாவைப் போல இன்னொன்று இருக்காது. விளக்குச் சூட்டில் ஈ மூக்கின்மேல் உட்கார்ந்தாலும் இமை ஆடாது. பிலிம் விலை ஏறிப்போன காலத்தில் ஒரே டேக்கில் சாகத் தெரிந்தவள். அழுகிற நாயகன் ஒன்பது டேக் வாங்குவான். அத்தனை தடவையும் அவன் மடியில் பிணமாகக் கிடந்து, நடுநடுவே வாயசையாமல் அவனுக்கு வசனம் எடுத்துக் கொடுப்பாள். விருது அவனுக்கு.

*

அண்ணன் வீட்டு வாசலிலிருந்து திரும்பி வந்தவளை ருக்மணி அடுப்போரம் உட்கார வைத்தாள். ஒரு அப்பத்தைத் தட்டில் போட்டு நீட்டினாள். மீனாச்சி நடந்ததைச் சொன்னதும் கொதித்தாள்.

"அடுத்த மாசம் மெர்டேக்கா. இத்தனை வருஷ வெள்ளைக்காரன் கொடியையே எறக்கிட்டு வேற கொடி ஏத்தப்போறாங்க. உங்க அண்ணன் ஒரு பொய்ச் சாவை எறக்க மாட்டாராமா?"

"அவரு எழுதின கதை ருக்மணி. எழுதினவனுக்குத் தன் கதைமேல ஆசை இருக்கும்."

"கதையாம் கதை. செருப்பால அடிக்கணும்."

மறுநாள் விடிந்ததும் அப்பம் வாங்குகிற சாக்கில் கண்ணம்மா வந்தாள். பின்னறைக்குள் நுழைந்தவள் நாத்தனாரின் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டு, நலமா என்றுகூடக் கேட்காமல், "அந்த வெள்ளத்துல போறப்ப உண்மையிலேயே தண்ணி குடிச்சிட்டியா மீனா?" என்றாள்.

"அண்ணி! நீங்க படம் பார்ப்பீங்களா?"

"கோயிலுக்குப் பூக்கட்டப் போறேன்னு சொல்லிட்டு மேட்னிக்குப் போயிடுவேன். நீ நடிச்சது ஒண்ணு விடல. உங்க அண்ணன்கிட்ட மாட்டிக்கிட்டா நான் செத்தேன்."

"செத்தா உங்களுக்கும் ஒரு இலை போடுவாரு" என்றாள் ருக்மணி அடுப்படியிலிருந்து.

கண்ணம்மா சிரித்தாள். சிரித்தபடியே கண்ணைத் துடைத்துக்கொண்டாள். "அந்த இலையைப் பத்தி நான் சொல்லணும் மீனா. அண்ணன் போடச் சொன்னது வேற மனசோட. ஆனா மாமி, உங்க அம்மா, இருந்தவரைக்கும் உன் இலைக்கு மாமிதான் பரிமாறுவாங்க. வேற யாரையும் தொட விடமாட்டாங்க. ஈக்கான் பாராங் பிண்டாங், அந்தப் புளிக் கொழம்பு மீன், வைப்பாங்க பாரு, எல்லா இலையையும்விட உன் இலையில மீன் துண்டு பெருசா இருக்கும். அண்ணன் முறைச்சா, 'செத்தவளுக்கு என்னடா கஞ்சத்தனம்'னுவாங்க. கதவைச் சாத்துறப்போ மெதுவா ஒண்ணு சொல்வாங்க. எனக்கு மட்டும்தான் கேக்கும். 'வந்து சாப்பிட்டுப் போடி'ன்னு."

மீனாச்சி கண்ணை மூடிக்கொண்டாள். மேடையில் அழுகை வேண்டியபோதெல்லாம் வந்த கண்ணீர் இப்போது வராமல் சண்டித்தனம் செய்தது. கடைசியில் அவள் கேட்டது இதுதான்:

"கதவைச் சாத்தினப்புறம் அந்த அறைக்குள்ள யாரும் போகக் கூடாது, இல்ல அண்ணி?"

"போகக் கூடாது. உயிரோட இருக்கிறவங்க யாரும் போகக் கூடாது."

சொல்லிவிட்டுக் கண்ணம்மா நாத்தனாரைப் பார்த்தாள். நாத்தனார் அண்ணியைப் பார்த்தாள். ருக்மணி எழுந்தே வந்துவிட்டாள்.

"சமையக்கட்டுப் பக்கம் ஒரு கதவு உண்டு" என்றாள் கண்ணம்மா மெல்ல. "அதை நான்தான் சாத்துவேன். சாத்துறதோட சரி. தாழ் போடுறது என் வேலையில்ல."

*

பார்ச்சு நாள் மத்தியானம் அந்த வீட்டில் நிற்க இடமில்லை. பங்காளி வீட்டு ஆட்கள், அவர்கள் பிள்ளைகள், எல்லோருக்கும் மூத்தவரான பொன்னுதுரை பெரியப்பா. பெரியப்பாவுக்குக் காது சரியாகக் கேட்காது. தனக்குக் கேட்காததால் ஊருக்கும் கேட்காது என்று நினைத்துக் கத்திப் பேசுவார். அவர் முன்னால் அண்ணாமலைகூட உட்கார்ந்து பேசமாட்டார்.

மீனாச்சி முகத்துக்குப் பவுடர்கூடப் போடவில்லை. "ஆவி வேஷம்னா வெள்ளை கட்ட வேணாமா?" என்று ருக்மணி கேட்டதற்கு, "ஆவி இல்ல, இது வீட்டுப் பொண்ணு வேஷம். இதுக்கு மேக்கப் கிடையாது" என்றாள். அம்மா உடுத்துவதுபோல ஒரு பச்சைக் கெபாயா, பூப்போட்ட பாத்திக் கைலி, கொண்டையில் ஊசி. கையில் சின்னச் சட்டியில் டுரியான். காலையிலிருந்து ருக்மணி வீட்டு அடுப்பில் அவளே காய்ச்சியது. வாசனை தெருக்கோடி வரைக்கும் போயிருந்தது.

பின்கட்டில் ஒளிந்து நின்றவளுக்கு, சாம்பிராணி போட்டு எல்லோரும் வெளியே வரும் சத்தம் கேட்டது. முன்கதவு சாத்தப்பட்டது. சமையற்கட்டில் கண்ணம்மா சைகையாகப் பாத்திரத்தை உருட்டினாள். மீனாச்சி உள்ளே போய் பின்கதவைச் சாத்திக்கொண்டாள்.

புகை கண்ணைக் கரித்தது. இரண்டு வரிசையாக இலைகள். தாத்தா, அவருடைய சுருட்டோடு. அப்பா. அப்பாவுக்குப் பக்கத்தில் அம்மா; வெற்றிலை மடித்து வைத்திருந்தார்கள். எல்லாவற்றுக்கும் கடைசியில், கதவோரம், ஓர் இலை. அதில் தேங்காய்ப்பால் சோறு, முட்டைச் சம்பல், இறால், உரித்து வைத்த மங்குஸ்தீன். மீன் துண்டு மற்ற இலைகளில் இருந்ததைவிடப் பெரிது. மாமியாருடைய வழக்கத்தைக் கண்ணம்மா விட்டுவிடவில்லை.

சட்டியைச் சுவரோரம் வைத்துவிட்டு மீனாச்சி தன் இலையின் முன்னால் சம்மணம் போட்டு உட்கார்ந்தாள். வரும்போது இது தந்திரம் என்றுதான் நினைத்து வந்தாள். முதல் கவளத்தை வாயில் வைத்ததும் பசி வந்துவிட்டது. இந்தப் புளிப்பும் காரமும் சுமத்ராவில் இல்லை, ஜாவாவில் இல்லை, சிங்கப்பூரில் இல்லை. வருஷா வருஷம் இங்கே வைத்து ஆறிப்போன சோற்றையெல்லாம் சேர்த்துச் சாப்பிடுகிறவளைப் போலச் சாப்பிட்டாள். வந்து சாப்பிட்டுப் போடி என்றாளே, வந்தாயிற்று.

டொக். டொக். டொக்.

கதவு திறந்தது. முன்னால் அண்ணாமலை, கைகூப்பியபடி. பின்னால் குடும்பம் முழுவதும்.

மீனாச்சி தலை நிமிரவில்லை. மீன் முள்ளை எடுத்து இலையோரம் வைத்தாள்.

"அத்தே!" என்று கூவியது ஒரு பிள்ளை. "படத்துல சாவாங்களே, அந்த அத்தே!"

"யாருடா அது?" என்று அலறினார் பெரியப்பா. "உள்ள யாரு உக்காந்திருக்கா?"

"மீனா, பெரியப்பா!" கண்ணம்மாவின் குரல் கணீரென்று வந்தது. புருஷன் முன்னால் அந்த வீட்டில் அவள் அவ்வளவு சத்தமாகப் பேசியதே இல்லை. "உங்க தம்பி மக மீனாச்சி. செத்துப்போனவ. தன்னோட இலையில உக்காந்து சாப்பிடுறா!"

அண்ணாமலையின் முகத்தில் ரத்தம் ஏறியது. "வெளிய போ" என்றார். யாரிடம் சொல்கிறார் என்று அவருக்கே தெரியவில்லை. "யார் உள்ள விட்டது? வெளிய போ!"

மீனாச்சி அசையவில்லை. நிமிர்ந்து, அண்ணனுக்குப் பின்னால் எங்கோ பார்த்தபடி உட்கார்ந்தாள். இமை ஆடவில்லை. மூச்சு எங்கே போகிறது என்று தெரியவில்லை. கதை அண்ணனுடையது, அதில் ஒரு வரியைக்கூட அவள் மாற்றவில்லை. செத்தவள் என்றார், செத்தவள். இலை போட்டார், வந்திருக்கிறாள். செத்தவர்கள் பதில் பேசுவதில்லை. இத்தனை வருஷம் ஊருக்கெல்லாம் சாகக் கற்றுக்கொண்டது இந்த ஒரு காட்சிக்குத்தானோ என்று அவளுக்கே தோன்றியது. ஓர் ஈ வந்து அவள் கன்னத்தில் உட்கார்ந்தது. உட்கார்ந்து, கால்களைத் தேய்த்துக்கொண்டு, நடந்து, பறந்து போனது. கூட்டத்தில் ஒரு பெண் "அம்மாடி" என்று மூச்சை இழுத்தாள்.

பெரியப்பா தடியை ஊன்றி முன்னால் வந்தார். குனிந்து மீனாச்சியை உற்றுப் பார்த்தார். அவர் மீசை துடித்தது. கோபத்தில் அல்ல, அடக்கிய சிரிப்பில்.

"அண்ணாமலை! இவ செத்துட்டான்னு சொன்னது நீதானே?"

"பெரியப்பா, அது வந்து..."

"வருஷா வருஷம் இலை போடுறதும் நீதானே?"

"ஆமா, ஆனா..."

"அப்புறம் என்னடா ஆனா? முன்னோரு வந்திருக்காங்க. நேர்லயே வந்திருக்காங்க. என் வயசுக்கு நான் இப்படிப் பார்த்ததில்ல. விழுந்து கும்பிடு!"

கூட்டத்தில் யாரோ சிரிப்பை அடக்க முடியாமல் இருமினார்கள். கண்ணம்மா ஒன்றும் யோசிக்கவில்லை. நாத்தனாரின் இலைக்கு முன்னால் நெடுஞ்சாண்கிடையாக விழுந்தாள். அவளைப் பார்த்து இன்னும் இரண்டு பெண்கள் விழுந்தார்கள். பிள்ளைகளுக்குக் கேட்கவா வேண்டும், பொத்துப் பொத்தென்று விழுந்தார்கள். நின்றுகொண்டிருந்தது அண்ணாமலை மட்டும்.

அவருக்கு இருந்தது இரண்டே வழி. செத்தவள் என்றால், தூக்கி வளர்த்த தங்கச்சியின் காலில் ஊர் பார்க்க விழ வேண்டும். விழமாட்டேன் என்றால், அவள் உயிரோடு இருக்கிறாள் என்று வாயால் சொல்ல வேண்டும். தெருவுக்கெல்லாம் யோசனை சொல்கிற கிராணிக்கு ஒரு யோசனையும் வரவில்லை. பெரியப்பாவைப் பார்த்தார். இலைகளைப் பார்த்தார். அம்மாவின் இலையிடம் வந்ததும் அவர் பார்வை தடுமாறியது. பிறகு கட்டை மாதிரி உட்கார்ந்திருக்கும் தங்கச்சியைப் பார்த்தார். இமை இன்னும் ஆடவில்லை. ஒரு நொடி, உண்மையாகவே, அவருக்குப் பயம் வந்துவிட்டது.

"மீனா!" குரல் உடைந்தது. "போதும்டி மீனா! எழுந்திரு!"

அந்தப் பெயர் அவர் வாயிலிருந்து வந்து இருபத்தெட்டு வருஷமாயிற்று.

மீனாச்சி கண்ணைச் சிமிட்டினாள். நெஞ்சு நிறைய மூச்சை இழுத்து விட்டாள். ஸ்டூடியோவில் 'கட்' என்று சொன்னதும் எழுந்திருப்பாளே, அதே மாதிரி.

"கூப்பிட்டீங்களா அண்ணே?"

சிரிப்பு கொட்டகை சரிந்து விழுவதுபோல வெடித்தது. பெரியப்பா தடியால் தரையைத் தட்டித் தட்டிச் சிரித்தார். "என்ன சொன்னா? என்ன சொன்னா?" என்று பக்கத்தில் நின்றவனைக் கேட்டு, தெரிந்துகொண்டு, மறுபடி சிரித்தார். தெருவில் நின்று எட்டிப் பார்த்துக்கொண்டிருந்த ருக்மணி விசிலே அடித்துவிட்டாள்.

மீனாச்சி தன் இலையைத் தன் பக்கமாக மடித்தாள். சாவு வீட்டில் இலையை எதிர்ப்பக்கமாக மடிப்பார்கள். இது கல்யாண வீட்டு மடிப்பு. எல்லோரும் பார்க்கட்டும் என்று நிதானமாகவே மடித்தாள். கையைக் கழுவிக்கொண்டு சுவரோரம் இருந்த சட்டியை எடுத்தாள். யாரிடமும் அனுமதி கேட்கவில்லை. கேட்டது அன்று வாசலில், ஒரே முறை, அது போதும்.

அம்மாவின் இலைக்கு முன்னால் மண்டியிட்டாள். இலையில் இருந்த புளூட் சோற்றைக் குவித்து, அதன் நடுவில் குழி செய்து, கரண்டி நிறைய டுரியானை ஊற்றினாள். அது வழிந்து இலை நரம்பில் ஓடியது. "வந்து சாப்பிட்டுப் போ அம்மா" என்றாள். அந்தக் குரல் எந்தக் கொட்டகையிலும் கேட்டதில்லை. கடைசி வரிசைக்கு எட்டாது; எட்ட வேண்டியதில்லை.

புதுப் பண்டம் வைத்தால் மறுபடியும் கதவைச் சாத்த வேண்டும். அது முறை. எல்லோரும் வெளியே வந்தார்கள். மீனாச்சியும் வந்தாள், இந்தத் தடவை முன்வாசல் வழியாக, உயிரோடு இருக்கிறவர்களோடு. ஒரு பயல் அவள் கைலியைப் பிடித்து இழுத்தான்.

"அத்தே, ஒரே ஒரு தடவை செத்துக் காட்டுங்க அத்தே!"

"அதெல்லாம் சிங்கப்பூர்லதான்டா. இந்த வீட்டுல இனிமே சாக மாட்டேன்."

அண்ணாமலை அன்றைக்கே திருந்திவிட்டார் என்று யாரும் நினைத்துக்கொள்ள வேண்டாம். மன்னிப்புக் கேட்கவில்லை. தங்கச்சி முகத்தை நேராகப் பார்க்கவும் இல்லை. மூடிய கதவின் முன்னால் கையைப் பின்னால் கட்டிக்கொண்டு நின்றார். நேரம் ஆனதும் தட்டுவதற்காகக் கையைத் தூக்கினார். தூக்கிய கை நின்றது. ஓரமாக நகர்ந்து வழிவிட்டார்.

"உன் கையால வச்சது. நீயே தட்டு."

கூட்டம் ஒதுங்கியது. மீனாச்சி கெபாயாவை நீவிவிட்டுக்கொண்டு, கொண்டை ஊசியைச் சரிசெய்துகொண்டு, மேடைக்கு நடுவே வருகிறவளைப் போல நடந்து வந்து கதவைத் தட்டினாள். தெருக்கோடி வரைக்கும் கேட்கட்டும் என்று.